சீக்காளி இல்லாத வீட்டில் ஓட்ஸ்

இண்டர்மீடியட் பரீட்சை எழுதிவிட்டு முடிவுக்குக் காத்திருந்த கோடை அது. நாகர்கோவில் ஹாஸ்டலில் மணியடித்தால் எழுந்து, மணியடித்தால் சாப்பிட்டு, மணியடித்தால் படுத்துப் பழகியவள், அஞ்சுகிராமத்துப் பக்கம் எங்கள் வீட்டுக்கு வந்து சேர்ந்தால் நாள் முழுக்க ஒரு மணிச் சத்தமும் இல்லை. மலைக் கணவாய்ப் பக்கமிருந்து வரும் காற்று மட்டும் பனைமட்டைகளைச் சலசலவென்று அடித்துக்கொண்டே இருந்தது.

என்னால் ஓர் இடத்தில் உட்கார முடியவில்லை. எதிர்வீட்டுப் பிள்ளைகளைப் பிடித்து உட்கார வைத்து இங்கிலீஷ் சொல்லிக்கொடுத்தேன். மறுநாளிலிருந்து அவர்கள் எங்கள் வாசல் வழியாக நடப்பதையே விட்டுவிட்டார்கள். கோழிக்கூட்டைக் கிழக்குப் பார்க்கத் திருப்பி வைத்தேன். கோழிகள் சாயங்காலம் பழைய பக்கத்தில் போய் முட்டிக்கொண்டு நின்றன. பரீட்சை முடிவு வருவதற்குள் நான் வீட்டையே கழற்றிப் போட்டுவிடுவேன் என்று அம்மா அப்பாவிடம் புகார் சொன்னாள்.

அந்த நேரத்தில்தான் அக்காவைப் பெண் பார்க்க வருவதாகச் சொல்லி அனுப்பினார்கள்.

அக்கா எங்கள் சபைப் பள்ளிக்கூடத்தில் வாத்திச்சி. எனக்கு ஏழு வயது மூத்தவள். நான் பேசுவதில் கால்வாசி பேசமாட்டாள். ஆள் மெலிவு. எவ்வளவு தின்றாலும் உடம்பில் ஒட்டாத வாகு. போதாததற்குக் கரும்பலகையை அழித்து அழித்துச் சாக்குக்கட்டித் தூள் தொண்டைக்குள் போய் எப்போதும் ஒரு செருமல். முன்னே இரண்டு வீட்டார் வந்து பார்த்துவிட்டு, பிள்ளை நல்ல பிள்ளை, ஆனால் மெலிவு ஜாஸ்தி என்று எங்கள் சபை உபதேசியாரிடம் சொல்லிவிட்டுப் போனார்கள்.

மூன்றாவதாக வரப்போகிறவர் மார்த்தாண்டத்துப் பக்கத்துக்காரர். மலைமேல் தேயிலை எஸ்டேட் ஆபீசில் கணக்கர். அவரை அக்கா ஏற்கெனவே ஒருமுறை பார்த்திருந்தாள். கன்வென்ஷன் கூட்டத்தில் காற்று வீசிப் பந்தல் சரிந்தபோது, எல்லாரும் பிள்ளைகளைத் தூக்கிக்கொண்டு வெளியே ஓட, ஒரு ஆள் மட்டும் பந்தலின் நடுக்காலைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நின்றாராம். "கைய விட்டுட்டு ஓடல்ல பாத்தியா" என்று அக்கா என்னிடம் சொன்னாள். அவ்வளவுதான் சொன்னாள். அக்காவைப் பொறுத்தவரை அது ஒரு பிரசங்கம். இந்த இடமும் தவறிப்போனால் அவள் இன்னொரு வீட்டார் முன்னால் வந்து நிற்கமாட்டாள் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

எனக்குக் கையும் காலும் பரபரத்தன. எஸ்டேட்டில் துரைமாரோடு இருக்கிறவருக்கு முந்திரிக்கொத்தும் அச்சுமுறுக்கும் எதற்கு? அதை அவர் மார்த்தாண்டத்திலேயே தின்றுகொள்வார். ஹாஸ்டலில் எங்களுக்குத் தையல் சொல்லிக்கொடுத்த மிஸ்ஸியம்மா கனடா தேசத்துக்காரி. ஒரு கிறிஸ்துமஸுக்கு அவள் பங்களாவில் ஒரு பலகாரம் செய்ததை நான் பக்கத்தில் நின்று பார்த்திருந்தேன். ஆப்பிளை அரிந்து, கறுவாப்பட்டைத் தூளும் கிராம்பும் ஜாதிக்காயும் போட்டுப் பிரட்டி, தட்டில் பரப்பி, மேலே ஓட்ஸையும் கோதுமை மாவையும் வெண்ணெயையும் சர்க்கரையையும் சேர்த்துப் பிசறித் தூவி அடுப்புப் பெட்டிக்குள் வைத்தாள். வெளியே வரும்போது மேலே மொறுமொறுவென்றும் கீழே குழைந்தும் இருந்தது. ஆப்பிள் கிரிஸ்ப் என்று பெயர். ஒரு கரண்டிதான் கிடைத்தது. அந்த ஒரு கரண்டியின் ருசியை வைத்தே நான் அதைச் செய்துவிடுவேன் என்று நம்பினேன்.

மறுநாள் காலையிலேயே பஸ் ஏறி நாகர்கோவில் போனேன். ஆப்பிள் விற்கும் கடை ஆஸ்பத்திரி வாசலுக்கு எதிரேதான் உண்டு. ஒவ்வொரு பழத்தையும் நீலக் காகிதத்தில் சுற்றி வைத்திருப்பார்கள். ஓட்ஸ் டப்பா இங்கிலீஷ் மருந்துக் கடையில், பார்லி டப்பாவுக்கும் பேதி மருந்துக்கும் நடுவில். இதை எழுதும்போது எனக்கே சிரிப்பு வருகிறது. ஆஸ்பத்திரிக் கட்டிலுக்குப் பக்கத்தில் அல்லாமல் வேறெங்கும் ஆப்பிளைப் பார்த்திராத ஊர் எங்களுடையது. நெஞ்சில் பலமில்லாதவர்களுக்குத் தண்ணீராகக் காய்ச்சிக் கொடுப்பதற்கல்லாமல் ஓட்ஸ் என்று ஒன்று இருப்பதே யாருக்கும் தெரியாது. எனக்கும் இது தெரியும். தெரிந்த விஷயம் அன்றைக்கு என் தலைக்குள் வரவில்லை. தலை முழுக்கக் கறுவாப்பட்டை வாசம்தான் இருந்தது.

மருந்துக் கடைக் கம்பவுண்டர் டப்பாவை எடுத்து வைத்துவிட்டு, கையில் இருந்த ஆப்பிள் பையையும் பார்த்தார்.

"எத்தன நாளா?"

"என்னது எத்தன நாளா?"

"இருமல்."

எங்கள் வீட்டில் யாருக்கும் ஒன்றும் இல்லை, எல்லாரும் நல்ல சுகம் என்றேன். அவர் தலையை ஆட்டினார். அந்தக் கடைக்கு வந்து ஓட்ஸ் வாங்குகிற எல்லாரும் அப்படித்தான் சொல்வார்கள்போலும். டப்பாவைச் செய்தித்தாளில் இரண்டு சுற்றுச் சுற்றி, வெளியே தெரியாதபடி நூல் போட்டுக் கட்டினார். எந்த ஊர், யார் வீடு என்று கேட்டார். பஸ்ஸுக்கு நேரம் இருந்ததால் நான் எல்லாவற்றையும் சொன்னேன். அக்காவைப் பார்க்க மார்த்தாண்டத்திலிருந்து இன்னார் வீட்டார் வருகிறார்கள் என்பதையும் சேர்த்துத்தான் சொன்னேன். நூலை அறுக்கப் போன அவர் கை ஒரு நிமிஷம் நின்றது. தானும் மார்த்தாண்டம்தான் என்றார். எனக்கு அது ஒரு நல்ல சேதியாகத்தான் பட்டது.

அன்று சாயங்காலமே ஒத்திகை. சர்க்கரை ரேஷன் கார்டுக்குக் கிடைத்தது காப்பிக்கே போதாது. அதனால் அடுப்புக்கு மேல் பரணில் கிடந்து நன்றாக உலர்ந்த கருப்பட்டியை இடித்துக்கொண்டேன். ஓட்ஸ் முழுவதையும் சுளகில் கொட்டிவைத்துவிட்டு, மேலே தூவுகிற மாவு புட்டு மாவு மாதிரி உதிரி உதிரியாக இருக்க வேண்டும் என்று அம்மாவிடம் சொல்லிவிட்டுக் கிணற்றடிக்குப் போனேன். திரும்பி வரும்போது அம்மா உப்புத் தண்ணீரைத் தெளித்துத் தெளித்து, உள்ளங்கையால் தேய்த்து, சுளகில் இருந்த ஓட்ஸ் முழுவதையும் நனைத்து வைத்திருந்தாள். முகத்தில் அப்படி ஒரு திருப்தி.

"எம்மா, என்ன செய்து வச்சிருக்கிய?"

"நீதானட்டி புட்டு மாவு மாதிரின்னு சொன்னே. நனைக்காம எப்படிப் புட்டு மாவு ஆவும்? பாரு, பிடிச்சா பிடிக்கி, விட்டா உதிருது."

அம்மா பிடித்துக் காட்டினாள். பிடித்தது. விட்டாள். உதிரவில்லை. ஓட்ஸ் அரிசி மாவல்ல. குடித்த தண்ணீரை அது விடவே இல்லை. ஆனாலும் போட்டுப் பார்த்தோம். மேலே ஈரச் சாக்கு மாதிரி ஒன்று விழுந்து ஆப்பிளை மூடிக்கொண்டது. அப்பா முழுவதையும் மரியாதையாகச் சாப்பிட்டுவிட்டு, காய்ச்சலில் கிடக்கும்போது கொடுத்தால் இறங்கும் என்றார்.

ஆக, அடுத்த நாள் மறுபடியும் பஸ். வழியில் திருவிதாங்கூரை விட்டுத் தமிழ்நாட்டோடு சேரவேண்டும் என்று கோஷம் போட்டபடி ஒரு ஊர்வலம் போய்க்கொண்டிருக்க, பஸ் நகரவில்லை. நான் பாதி வழியில் இறங்கி நடந்தேன். மறுபடி ஆப்பிள், மறுபடி ஓட்ஸ். கம்பவுண்டர் என்னைப் பார்த்ததும் நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டார். முதல் டப்பா அதற்குள் தீர்ந்துவிட்டதா என்று கேட்டார். தீர்ந்துவிட்டது என்றேன். வேறென்ன சொல்ல? அவர் இந்த முறை நூல் கட்டும்போது என் முகத்தைப் பார்க்கவில்லை.

அதற்கப்புறம் இரண்டு நாளில் வீட்டுக்கு ஆள் வர ஆரம்பித்தது. எதிர்வீட்டு மயினி கருங்கோழி முட்டை கொண்டுவந்து கொடுத்து, பச்சையாக உடைத்து வாயில் ஊற்ற வேண்டும் என்று அம்மாவிடம் காதோடு சொன்னாள். தெருக்கோடியில் இருந்த ஒரு மாமி இருமலுக்கு ஆடாதோடை இலை கொண்டுவந்தாள். யாரும் யாருக்குச் சுகமில்லை என்று கேட்கவில்லை. எல்லார் கண்ணும் அக்காவின் கழுத்தெலும்பில் போய் நின்று திரும்பியது. அக்கா ஒருமுறை செருமினாள். மயினி எழுந்து போய் வாசலோரம் நின்றுகொண்டாள்.

வெள்ளிக்கிழமை சாயங்காலம், சம்பந்தம் பேசிய உபதேசியார் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்தார். ஏறி வந்தால் சீக்கிரம் வந்துவிடுவோமே என்று தள்ளிக்கொண்டு வந்தாராம். மார்த்தாண்டத்தில் பேச்சு பரவிவிட்டது. பெண்ணுக்கு நெஞ்சில் தீனம், வாரத்துக்கு இரண்டு டப்பா ஓட்ஸ் போகிறது என்று மாப்பிள்ளையின் தாய்மாமன் காதில் விழுந்துவிட்டது என்றார். தீனம் என்றால் எங்கள் பக்கத்தில் வியாதி. நெஞ்சில் தீனம் என்றால் சயரோகம்தான், வேறில்லை. அந்த வீட்டில் மூத்த மருமகள் கல்யாணமாகி வந்த வருஷமே அந்த நோயில் போய்ச் சேர்ந்துவிட்டாளாம். பெண் வீட்டார் தெரிந்தே மறைத்தார்களாம். அதனால் நாளைக்கு அவர்கள் வந்தாலும் வரலாம், வராமலும் இருக்கலாம், தன்னால் ஒன்றும் சொல்ல முடியவில்லை என்று அவர் தொப்பியைக் கையில் வைத்துச் சுற்றிக்கொண்டே இருந்தார்.

அம்மா அழுதாள். ஓட்ஸ் தன் வயிற்றுவலிக்கு வாங்கியது என்று சொல்லிவிடலாம் என்றார் அப்பா. நான் உடனே மார்த்தாண்டத்துக்குப் போய் அவர்களிடம் நேரில் பேசிவிட்டு வருகிறேன் என்று செருப்பை மாட்டிவிட்டேன். அக்கா கையைப் பிடித்து என்னைத் திரும்ப உள்ளே இழுத்தாள்.

"ஆப்பிள் மிச்சம் இருக்கா?"

"இருக்கு."

"ஓட்ஸ்?"

"இருக்கு. ஏங்க்கா?"

"நாளைக்கு அதையே பண்ணு. பண்ணல்லன்னா அது கஞ்சிக்கு வாங்கினதுன்னுதான் ஆவும். அப்பா ஒண்ணும் மாத்திச் சொல்லவேண்டாம். ஏற்கெனவே ஒரு வீட்டுல பொய் சொல்லித்தான் அவிய பயந்து கிடக்காவ."

இவ்வளவு நீளமாக அவள் பேசி நான் கேட்டதில்லை.

சனிக்கிழமை விடிந்ததிலிருந்து நான் அடுக்களைக்கும் ரோட்டுக்குமாக நடந்துகொண்டிருந்தேன். பஸ் நிற்கும் முக்கிலிருந்து எங்கள் வீட்டுக்குத் தென்னந்தோப்பு வழியாக ஒரு பாதை. அதில் ஒவ்வொரு தலை தெரியும்போதும் ஓடிப்போய் எட்டிப் பார்த்தேன். மீன்காரி. தபால்காரர். யாரோ ஒரு வைத்தியர். அவரைப் பார்த்து மயினி வீட்டுக் கதவு திறந்து மூடியது.

எங்களிடம் மிஸ்ஸியம்மாவின் அடுப்புப் பெட்டி கிடையாது. பெரிய உருளியில் ஆற்று மணல் போட்டு அடுப்பில் ஏற்றினேன். மணல் நன்றாகக் காய்ந்ததும் ஆப்பிள் பரப்பிய பீங்கான் தட்டை அதற்குள் இறக்கி, மேலே தகரத்தால் மூடி, தகரத்தின் மேல் சிரட்டைக் கனலை அள்ளிப் போட்டேன். இந்த முறை ஓட்ஸ் பக்கத்தில் ஒரு சொட்டுத் தண்ணீரை அண்டவிடவில்லை. கோதுமை மாவு, இடித்த கருப்பட்டி, ஓட்ஸ் மூன்றையும் கலந்து, குளிர்ந்த கிணற்றுத் தண்ணீரில் போட்டுக் கெட்டியாக்கிய வெண்ணெயைத் துடைத்து எடுத்து, விரல்நுனியால் மட்டும் பிசறினேன். உள்ளங்கை பட்டால் வெண்ணெய் உருகிவிடும். ஆப்பிளில் கறுவாப்பட்டையோடு ஒரு துளி சுக்குத் தூளும் சேர்த்தேன். அது மிஸ்ஸியம்மாவுக்குத் தெரியாத விஷயம்.

ஆனால் மேல் மாவு சிவந்ததா இல்லையா என்று பார்க்காமல் என்னால் இருக்க முடியவில்லை. தகரத்தைத் தூக்கினேன். வெளிறிக் கிடந்தது. மூடினேன். தூக்கினேன். சாம்பல் ஒரு ஓரத்தில் விழுந்தது. அக்கா வந்து என் கையிலிருந்த இடுக்கியைப் பிடுங்கி, அடுப்புக்கு முன்னால் பலகையைப் போட்டுத் தானே உட்கார்ந்துகொண்டாள். பெண் பார்க்க வருகிற அன்றைக்குப் பட்டுப் புடவையைக் கட்டிக்கொண்டு அடுப்புக்கு முன்னால் காவல் இருந்த ஒரே பெண் அவளாகத்தான் இருக்கும்.

பத்து மணி பஸ் போயிற்று. யாரும் வரவில்லை. அடுத்த பஸ்ஸும் போயிற்று. அம்மா பலகாரத் தட்டுகளை மறுபடி மூடி வைக்க ஆரம்பித்தபோது, தோப்புக்குள் குடை ஒன்று தெரிந்தது. அதன் பின்னால் இன்னொன்று.

மாப்பிள்ளை, அவர் தாயார், தாய்மாமன், கூட உபதேசியார். தாயார் தடித்த உடம்பு, வெள்ளைச் சட்டை, வெள்ளை முண்டு. வந்தவுடன் அவர் பார்த்தது ஜன்னல்களை. எல்லாம் திறந்திருக்கிறதா என்று. உபதேசியார் ஜெபத்தை ஆரம்பித்து ஆதியாகமத்திலிருந்து வந்துகொண்டிருந்தார். நான் கண்ணை மூடாமல் தாய்மாமனைப் பார்த்தேன். அவரும் கண்ணை மூடாமல் என்னைப் பார்த்தார்.

பலகாரத்தை நானே கொண்டுபோய் வைத்தேன். மேலே பொன்னிறமாகச் சிவந்து, ஓரங்களில் பாகு கொதித்துக் கட்டியிருந்தது. ஆப்பிளும் ஓட்ஸும் போட்டுச் செய்தது, கனடா தேசத்துப் பலகாரம் என்றேன். மாமன் தனக்கு வைத்த தட்டை ஒரு விரலால் மேசையின் எதிர் ஓரத்துக்குத் தள்ளினார். தள்ளிய விரலைத் தோள் துண்டில் துடைத்துக்கொண்டார். தாயார் முந்திரிக்கொத்தைக்கூடத் தொடவில்லை. மாப்பிள்ளை தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அக்கா காப்பியோடு வந்தாள். எங்கள் பக்கத்து வழக்கப்படி பெண் காப்பியை வைத்துவிட்டு, ஒரு தரம் நின்று, உள்ளே போய்விட வேண்டும். அவர்கள் முன்னால் தண்ணீர்கூடக் குடிக்கமாட்டாள். அக்கா காப்பியை வைத்தாள். பிறகு காலியாக இருந்த நாற்காலியில் உட்கார்ந்தாள். மாமன் தள்ளிவிட்ட தட்டைத் தன் பக்கம் இழுத்து, கரண்டியை எடுத்து, சாப்பிட ஆரம்பித்தாள்.

அவள் பல்லில் அந்த மேல் மாவு நொறுங்குகிற சத்தம் மட்டும். அம்மா கதவு நிலையைப் பிடித்துக்கொண்டாள். அக்கா அவசரப்படவில்லை. ஓரத்தில் கட்டியிருந்த பாகைக்கூடச் சுரண்டி எடுத்துத் தின்றாள். தின்று முடித்துத் தட்டைக் கீழே வைத்துவிட்டு என்னிடம், "இன்னும் இருக்காட்டி?" என்று கேட்டாள்.

தாயார் அவளையே பார்த்துக்கொண்டிருந்தவர் கடைசியில் வாயைத் திறந்தார். குரல் எங்களுடையதுபோல் இல்லை. மேற்கத்திப் பேச்சு, பாட்டுப்போல இழுவை.

"பிள்ளே, ஒரு காரியம் கேட்டா கோவிக்கப்பிடாது. எனக்க மூத்தவனுக்கு வந்த பெண்ணும் நல்லாத்தான் தின்னா. அவளுக்க வீட்டுக்காரு நோயை மறைச்சு வச்சினும். அவளைக் குழியில வச்சதும் நான்தான். இனி ஒண்ணு எனக்குத் தாங்காது."

அக்கா முந்தானையில் கையைத் துடைத்தாள்.

"திங்கக்கிழமை என்கூட மிஷன் ஆஸ்பத்திரிக்கு வாங்க. நெஞ்சைப் படம் எடுக்க மெஷின் வந்திருக்கு. நீங்களே பக்கத்துல நின்னு டாக்டரிட்டக் கேளுங்க."

அப்பா அவள் பேரைச் சொல்லி அதட்டப் பார்த்தார். அக்கா நிறுத்தவில்லை.

"உங்க மகனும் எடுக்கட்டும். அந்த நோய்க்காரி இருந்த வீட்டுல இருந்துதானே அவ்வோ வாராவ. எனக்கும் தெரியணும்லா."

மாமன் எழுந்துவிட்டார். பெண் பேசுகிற பேச்சா இது, வாங்க போகலாம் என்று குடையைத் தேடினார். குடை நான் வைத்த இடத்தில் இருந்தது. நான் அதை எடுத்துக்கொடுக்கவில்லை. அப்போதுதான் மாப்பிள்ளை முதல்முறையாகத் தலையைத் தூக்கினார். திங்கட்கிழமை எஸ்டேட்டுக்குத் திரும்ப வேண்டும், லீவு சொல்லித் தந்தி கொடுத்துவிடுகிறேன் என்று தாயாரிடம் சொன்னார். பிறகு அக்காவைப் பார்த்து, "நான் வாறேன்" என்றார். சொல்லிவிட்டுத் தன் தட்டை எடுத்துக்கொண்டார். அவர் தின்ன ஆரம்பித்தபின் மாமனால் தனியாகப் போக முடியவில்லை. குடையோடு மறுபடி உட்கார்ந்தார்.

அந்த ஞாயிற்றுக்கிழமை எனக்கு எப்படிப் போனது என்று எழுதினால் யாரும் படிக்கமாட்டார்கள். கோயில் ஆராதனையில் ஒரு பாட்டுக்கும் என் வாய் திறக்கவில்லை. அக்காவின் செருமலை எண்ணிக்கொண்டிருந்தேன். சாக்குக்கட்டித் தூள்தான், சாக்குக்கட்டித் தூள்தான் என்று எனக்குள்ளே சொல்லிக்கொண்டிருந்தேன். ஆனால் படம் எடுத்துப் பார்த்தவர் எங்களில் யார்? நோய் இல்லையென்று ஒரு டாக்டரும் இதுவரை சொன்னதில்லையே. அக்கா மாத்திரம் மத்தியானம் பள்ளிக்கூடப் பிள்ளைகளின் சிலேட்டுகளைத் துடைத்து அடுக்கிவிட்டுத் தூங்கினாள்.

திங்கட்கிழமை ஆஸ்பத்திரி வராந்தாவில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். இந்த ஓரம் அக்கா, அடுத்து நான், அப்புறம் அந்தத் தாயார், அந்த ஓரம் மாப்பிள்ளை. முதலில் அவரைக் கூப்பிட்டார்கள். பிறகு அக்காவை. படம் கழுவிக் காய வேண்டும், இருங்கள் என்றார்கள். நான் இருக்கவில்லை, வராந்தா நீளத்தை நடந்து நடந்து தேய்த்தேன். தாயார் ஒருமுறை என்னைப் பிடித்துப் பக்கத்தில் உட்கார வைத்து, மடியிலிருந்து ஒரு வாழைப்பழத்தை எடுத்துக் கொடுத்தார். ஆஸ்பத்திரியில் ஆப்பிளுக்குப் பதிலாக வாழைப்பழம் கொடுக்கிற ஒருத்தரை அன்றுதான் பார்த்தேன் என்று சொல்ல நினைத்தேன். பழத்தை உரித்துத் தின்றேன்.

டாக்டர் இரண்டு படங்களையும் கொண்டுவந்து இரண்டு பேருக்கும் நெஞ்சில் ஒரு குறையும் இல்லை, பெண்ணுக்குத் தொண்டையில்தான் தூசி, பலகையை ஈரத்துணியால் துடைக்கச் சொல்லுங்கள் என்றார். அக்கா தலையைக் குனிந்துகொண்டாள். அழுகிறாளா என்று பார்க்கக் குனிந்தேன்; என்னைத் தள்ளிவிட்டாள்.

ஆனால் அந்தத் தாயாருக்கு டாக்டர் வாய்ச்சொல் போதவில்லை. படங்களைத் தன் கையில் வாங்கிக்கொண்டு ஜன்னலுக்குப் போனார். ஒன்றை இந்தக் கையிலும் மற்றதை அந்தக் கையிலும் வெளிச்சத்துக்கு எதிராகப் பிடித்தார். கறுப்புக்குள் வெள்ளை வெள்ளையாக விலாவெலும்புகள். வெகுநேரம் மாற்றி மாற்றிப் பார்த்தார். பிறகு அப்படியே திரும்பாமல் கேட்டார்.

"இதுல எது எனக்க மவன், எது இவ?"